அரசு மருத்துவப் பணிக்கு ஆள் எடுப்பது: பதிவு மூப்பா, வெயிட்டேஜா, தேர்வா, நேர்காணலா?

ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு ஓர் உதவி மருத்துவர், அரசு மருத்துவமனைக்கு ஒரு மருந்தாளுநர், தாலுகா மருத்துவமனைக்குச் செவிலியர்கள். இந்த இடங்களை நிரப்ப அரசுக்கு ஐந்து வழிகள் உண்டு. வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்பு, படித்த மதிப்பெண்களைக் கூட்டிப் பார்க்கும் வெயிட்டேஜ், போட்டித் தேர்வு, நேர்காணல் ஆகியவை நான்கு. ஒப்பந்தத்தில் வேலை பார்த்தவர்களுக்குத் தரும் ஊக்க மதிப்பெண் ஐந்தாவது. தமிழ்நாடு ஐந்தையும் வெவ்வேறு காலத்தில், வெவ்வேறு பணிக்குப் பயன்படுத்தியிருக்கிறது. 2012-இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம், அதாவது எம்.ஆர்.பி., தனியாக உருவான பிறகும் எல்லாப் பணிக்கும் ஒரே முறை வந்துவிடவில்லை. மருத்துவருக்குத் தேர்வு நடக்கிறது, தொழில்நுட்பப் பணிகள் பலவற்றுக்கு வெயிட்டேஜ் பார்க்கப்படுகிறது, மாவட்ட நலவாழ்வுச் சங்கங்கள் ஒப்பந்தத்தில் ஆள் எடுக்கும்போது நேர்காணலும் உண்டு.

இதில் இழப்பு ஒரு வேலையோடு நிற்பதில்லை. தமிழ்நாட்டில் முதுநிலை மருத்துவப் பட்ட இடங்களில் மாநில ஒதுக்கீட்டின் 50 சதவீதம் அரசுப் பணியில் இருக்கும் மருத்துவர்களுக்கு. மாநிலங்கள் இப்படி ஒதுக்கலாம் என்று 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வும் சொல்லிவிட்டது. ஆக, முதல் பணி நியமனத்தில் அரை மதிப்பெண்ணில் பின்தங்கியவர் ஐந்தாறு ஆண்டுகள் கழித்துக் கிடைக்கக்கூடிய எம்.டி., எம்.எஸ். வாய்ப்பையும் சேர்த்தே இழக்கிறார்.

பதிவு மூப்பை விரைவாகக் கடந்துவிடலாம். முன்னால் பதிந்தவருக்கு முன்னால் வேலை என்பது கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. வசதியில்லாத குடும்பத்துப் பிள்ளைக்குப் பயிற்சி மையச் செலவில்லாமல் வேலை கிடைத்த ஒரே வழியாகவும் அது இருந்தது. ஆனால் அதன் அளவுகோல் காத்திருந்த நாள்கள். தொழில் தெரியுமா என்பது கணக்கிலேயே இல்லை. டிப்ளமோ முடித்துப் பன்னிரண்டு ஆண்டுகள் வேறு வேலை பார்த்தவர், சென்ற ஆண்டு வரை ஆய்வகத்தில் இருந்தவருக்கு முன்னால் வந்துவிடுவார். பதிவைப் புதுப்பிக்க ஒருமுறை மறந்தால் மூப்பே போய்விடும். 1996-இல் மல்கபட்டணம் கலால் துறை வழக்கில், வேலைவாய்ப்பு அலுவலகம் அனுப்பும் பெயர்களோடு நிறுத்திக்கொள்ளாமல் நாளிதழ்களிலும் விளம்பரம் தந்து விண்ணப்பித்த எல்லோரையும் பரிசீலிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதன்பின் மூப்பை மட்டும் வைத்து ஆள் எடுப்பது சட்டப்படியும் நிலைப்பது கடினம்.

வெயிட்டேஜ் எளிமையானது என்பதாலேயே நிர்வாகத்துக்குப் பிடிக்கும். தேர்வு மையம் வேண்டாம், விடைக்குறிப்பு வழக்கு வராது, சான்றிதழ்களைப் பதிவேற்றினால் கணினி வரிசைப்படுத்திவிடும். டிப்ளமோ தகுதிப் பணிகளுக்கு வழக்கமான விகிதம் பத்தாம் வகுப்புக்கு 20, பிளஸ் டூவுக்கு 30, டிப்ளமோவுக்கு 50. கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் இதன் கோளாறு புரியும். ஒருவர் பத்தில் 90 சதவீதம், பிளஸ் டூவில் 75, டிப்ளமோவில் 70 என்று வைத்துக்கொள்வோம். அவருக்கு 18, 22.5, 35 சேர்ந்து 75.5. இன்னொருவர் பத்தில் 60, பிளஸ் டூவில் 55, டிப்ளமோவில் 85. அவருக்கு 12, 16.5, 42.5 சேர்ந்து 71. செய்யப்போகும் வேலைக்கான படிப்பில் 15 சதவீதம் மேலே நிற்பவர், பதினைந்து வயதில் எழுதிய தேர்வுக்காகப் பட்டியலில் கீழே இறங்குகிறார். அந்தப் பத்தாம் வகுப்பு மதிப்பெண்ணைத் தீர்மானித்தது பெரும்பாலும் எந்த ஊரில், எந்தப் பள்ளியில் படித்தார் என்பதே.

அந்த மதிப்பெண்களும் ஒரே தராசில் நிறுத்தவை அல்ல. பிளஸ் டூவுக்கு முன்பு 1,200 மதிப்பெண். 2019 மார்ச் தேர்விலிருந்து 600. சதவீதமாக்கினால் எண்கள் ஒத்துப்போகும், வினாத்தாளின் கடினம் ஒத்துப்போகாது. கொரோனா ஆண்டுகள் இன்னும் சிக்கல். 2020-இல் பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு நடக்கவில்லை. காலாண்டு, அரையாண்டு மதிப்பெண்களுக்கு 80 சதவீதம், வருகைப்பதிவுக்கு 20 சதவீதம் என்று போட்டார்கள். 2021-இல் பத்தாம் வகுப்புச் சான்றிதழில் தேர்ச்சி என்று மட்டும் இருந்தது, மதிப்பெண்ணே கிடையாது. அதே ஆண்டு பிளஸ் டூ மதிப்பெண் பத்தாம் வகுப்பிலிருந்து 50, பிளஸ் ஒன்னிலிருந்து 20, பிளஸ் டூ செய்முறையும் அகமதிப்பீடும் 30 என்று கணக்கிடப்பட்டது. அந்தப் பிள்ளைகள் இப்போது டிப்ளமோ முடித்து விண்ணப்பிக்கும் வயதுக்கு வந்துவிட்டார்கள். பத்தாம் வகுப்புக்கு 20 புள்ளி தரும் விதி, மதிப்பெண்ணே அச்சிடப்படாத சான்றிதழுக்கு எத்தனை தரும்? எந்த எண்ணைப் போட்டாலும் அது யாரோ ஒரு தரப்புக்கு அநீதி. ஆசிரியர் நியமனத்தில் இதே வெயிட்டேஜ் பழையவர்களைப் பாதிக்கிறது என்ற குறை பல ஆண்டுகள் எழுந்து, 2018-இல் அரசு அதைக் கைவிட்டுத் தனிப் போட்டித் தேர்வுக்கு மாறியது. மருத்துவத் துறை அந்தப் பாடத்தை எல்லாப் பணிக்கும் எடுத்துக்கொள்ளவில்லை.

மருத்துவர்களுக்கு எம்.பி.பி.எஸ். மதிப்பெண்ணை வைத்துக்கொண்டால் என்ன என்று கேட்பவர்கள் உண்டு. இலங்கையில் உள்ளகப் பயிற்சி இடங்கள் பொதுத் தகுதிப் பட்டியல் வரிசையில்தான் பங்கிடப்படுகின்றன. அங்கே அது ஓடுவதற்குக் காரணம், பட்டியல் பெரும்பாலும் யாருக்கு எந்த ஊர் என்பதைத் தீர்மானிக்கிறது, யாருக்கு வேலை இல்லை என்பதை அல்ல. இங்கே டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகம் ஒரு பக்கம், தனித்தனியே வினாத்தாள் தயாரித்துத் தானே திருத்தும் நிகர்நிலைப் பல்கலைக்கழகங்கள் இன்னொரு பக்கம், வெளிநாட்டில் படித்துத் தகுதித் தேர்வில் தேறியவர்கள் மூன்றாவது பக்கம். இவர்களின் மதிப்பெண்களை ஒரே வரிசையில் அடுக்க நேர்மையான வழி கிடையாது.

நேர்காணலுக்கு வருவோம். மத்திய அரசின் ஒருங்கிணைந்த மருத்துவப் பணித் தேர்வில் எழுத்துத் தேர்வுக்கு 500, நேர்காணலுக்கு 100. மொத்தத்தில் ஆறில் ஒரு பங்குதானே, பெரிய தாக்கமில்லை என்று தோன்றும். ஒரு தேர்வு உறுப்பின் உண்மையான எடை அதற்குத் தரப்பட்ட உச்ச மதிப்பெண்ணில் இல்லை, மதிப்பெண்கள் எவ்வளவு அகலமாகச் சிதறுகின்றன என்பதில் இருக்கிறது. கட் ஆஃப் அருகே எழுத்துத் தேர்வில் ஆட்கள் பத்து மதிப்பெண் இடைவெளிக்குள் நெருங்கி நிற்பதாகக் கொள்ளுங்கள். நேர்காணலில் ஒருவருக்கு 40, இன்னொருவருக்கு 80 போட்டால், 100-க்கான உறுப்பு 500-க்கானதைத் தூக்கிச் சாப்பிட்டுவிடும். 1980-இல் அஜய் ஹாசியா வழக்கில், ஒரு பொறியியல் கல்லூரிச் சேர்க்கையில் நேர்காணலுக்கு மூன்றில் ஒரு பங்கு தந்ததை உச்ச நீதிமன்றம் கண்டித்து, 15 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது என்றது. மத்திய அரசு 2016 ஜனவரி 1 முதல் கீழ்நிலைப் பணிகளுக்கு நேர்காணலையே எடுத்துவிட்டது.

மருத்துவத் துறையில் நேர்காணல் வாக்-இன் வடிவத்தில்தான் அதிகம் கெடுதல் செய்கிறது. ஆறு நாள் முன்பு ஓர் அறிவிப்பு, மூன்று இடம், 11 மாத ஒப்பந்தம், அன்றே சான்றிதழ் பார்த்து அன்றே பட்டியல். அறிவிப்பு ஊருக்குள் யார் காதில் விழுகிறதோ அவர்கள் வருகிறார்கள். இதில் வெளியே தெரியாத இன்னொரு பாதிப்பு இனசுழற்சிக்கு, அதாவது எந்த இடம் எந்த ஒதுக்கீட்டுப் பிரிவுக்கு என்று வரிசையாக எண்ணிட்டுத் தரும் முறைக்கு. மாநிலத்தின் 200 இடச் சுழற்சியில் பொதுப் பிரிவுக்கு 62, பிற்படுத்தப்பட்டோருக்கு 53, பிற்படுத்தப்பட்ட முஸ்லிம்களுக்கு 7, மிகப் பிற்படுத்தப்பட்டோருக்கும் சீர்மரபினருக்கும் 40, பட்டியல் இனத்தவருக்கு 30, அருந்ததியருக்கு 6, பழங்குடியினருக்கு 2. மாவட்டம் மாவட்டமாக மூன்று, நான்கு என்று எடுத்து, ஒவ்வொரு முறையும் சுழற்சியை முதல் எண்ணிலிருந்து தொடங்கினால், நூற்றுக்கு ஒன்றாக வரும் பழங்குடியினர் முறை எந்த மாவட்டத்திலும் எந்தக் காலத்திலும் வராது. யாரும் தவறான எண்ணத்தோடு எதுவும் செய்யவேண்டிய தேவைகூட இல்லை. விட்ட இடத்திலிருந்து அடுத்த முறை தொடராமல் இருந்தாலே போதும், ஒரு சமூகம் முழுதாக வெளியே நின்றுவிடும்.

ஒருவரின் கைத்திறனைப் பார்க்கவேண்டியிருந்தால் நேர்காணலைவிட நிலையச் செய்முறைத் தேர்வு நல்லது. பொம்மையில் பச்சிளங்குழந்தைக்குச் சுவாசம் கொடுப்பது, பிரசவ வரைபடத்தைக் குறிப்பது, மருந்தளவு கணக்கிடுவது என்று ஐந்து நிலையங்கள், ஒவ்வொன்றுக்கும் எட்டு நிமிடம், எல்லோருக்கும் ஒரே சரிபார்ப்புப் பட்டியல். ஐந்து பேர் சுற்றில் இருக்கும்போது எட்டு நிமிடத்துக்கு ஒருவர் வெளியே வருவார். ஆறு மணி நேரத்தில் 45 பேர். 400 பேருக்கு ஒன்பது நாள். எழுத்துத் தேர்வில் ஓர் இடத்துக்கு இருவர் என்று சுருக்கிய பிறகுதான் இது சாத்தியம். ஆயிரக்கணக்கான இடங்களுக்கு இதை யாரும் பரிந்துரைக்கக் கூடாது. நடத்த முடியாமல் பாதியில் கைவிடப்பட்டு, மறுபடி வாக்-இன்னில் போய் நிற்கும்.

மிச்சம் இருப்பது போட்டித் தேர்வு. எங்கள் கணிப்பில் மருத்துவர், செவிலியர் ஆகிய இரு பெரிய பணித் தொகுதிகளுக்கும் இதுவே சரியான அடித்தளம். யார் மகன், எந்தக் கல்லூரி, யாரைத் தெரியும் என்பதை வினாத்தாள் அறியாது. ஆனால் தேர்வு என்றாலே நியாயம் என்று நினைத்துவிடவும் கூடாது. அதை நடத்தும்போது மூன்று இடங்களில் கை தவறுகிறது.

முதலாவது, ஒரே தேர்வைப் பல ஷிஃப்டுகளாக நடத்துவது. வினாத்தாள் வேறு வேறு என்பதால் மதிப்பெண்ணைச் சதமானமாக மாற்றுவார்கள். ஷிஃப்டில் எழுதிய 8,000 பேரில் 7,900 பேர் உங்கள் மதிப்பெண்ணையோ அதற்குக் கீழோ எடுத்திருந்தால் உங்கள் சதமானம் 98.75. மறு ஷிஃப்டில் 4,000 பேரில் 3,960 என்றால் 99. இந்தக் கணக்கு ஓர் அனுமானத்தின் மேல் நிற்கிறது: இரண்டு ஷிஃப்டிலும் திறமை சமமாகப் பரவியிருக்கிறது என்பது. ஆட்களைக் குலுக்கல் முறையில் பிரித்தால்தான் அது உண்மையாகும். மாவட்ட வாரியாகவோ விண்ணப்பித்த வரிசையிலோ பிரித்தால், கெட்டிக்காரர்கள் கூடிய ஷிஃப்டில் மாட்டியவர் காரணமின்றிக் கீழே போவார். ஷிஃப்டில் 500 பேர்தான் என்றால் ஒரே ஒரு ஆள் வித்தியாசம் 0.2 சதமானம்; அது தசமத்தில் முடிவாகும் பட்டியலில் பெரிய தூரம். முதுநிலை நீட் தேர்வு 2024-இல் இரண்டு ஷிஃப்டில் நடந்து இந்தப் பிரச்சினை எழுந்தது. 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் ஒரே ஷிஃப்டில் நடத்தச் சொன்னது. ஆகஸ்ட் 3 அன்று அப்படியே நடந்தது. நாடு முழுக்க ஒரே வேளையில் அதை நடத்த முடியுமென்றால், ஒரு மாநிலத்தின் உதவி மருத்துவர் தேர்வுக்கு ஷிஃப்ட் பிரிக்கக் காரணமே இல்லை.

இரண்டாவது விடைக்குறிப்பு. நீதிமன்றங்கள் இதில் எளிதாகத் தலையிடுவதில்லை. குறிப்பு தவறென்று சந்தேகத்துக்கு இடமின்றிக் காட்டினால் மட்டுமே என்பது 1983-இல் கான்பூர் பல்கலைக்கழக வழக்கிலும் 2017-இல் ரண் விஜய் சிங் வழக்கிலும் தெளிவாகச் சொல்லப்பட்டிருக்கிறது. ஆகவே வாரியம் தானே சரியாகச் செய்யவேண்டும். 200 கேள்வியில் ஐந்து தவறென்று தெரிகிறது என்று வையுங்கள். ஐந்தையும் நீக்கி மிச்சத்தை 200-க்கு உயர்த்தலாம், அல்லது எல்லோருக்கும் ஐந்து கேள்விக்கான மதிப்பெண் தரலாம். இரண்டிலும் தரவரிசை மாறாது. மாறுவது குறைந்தபட்சத் தகுதிக் கோட்டருகே: எல்லோருக்கும் தரும்போது கோட்டுக்குச் சற்றுக் கீழே இருந்தவர்கள் மேலே ஏறுவார்கள், நீக்கும்போது அந்த அளவுக்கு ஏறமாட்டார்கள். ஊக்க மதிப்பெண் தனியாகச் சேர்க்கப்படும் தேர்வில் வரிசையே சற்றுக் கலையவும் கூடும். செய்யவே கூடாதது மூன்றாவது வழி: அந்தக் கேள்விக்கு விடை குறித்தவர்களுக்கு மட்டும் மதிப்பெண் தருவது. கேள்வி தவறென்று கண்டுகொண்டு விட்டுச் சென்றவர்தான் அதில் தண்டிக்கப்படுகிறார். எந்த வழி என்பதை அறிவிக்கையிலேயே எழுதிவிட வேண்டும். ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது என்ற மஞ்சுஸ்ரீ வழக்கின் கொள்கையை 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதிசெய்துவிட்டது.

மூன்றாவது, வினாத்தாளின் உள்ளடக்கம். அரிய நோய்க்குறித் தொகுதிகளும் மரபணுப் பெயர்களும் நிறைந்த தாள், முதுநிலை நீட் பயிற்சியில் ஓராண்டு உட்கார வசதி உள்ளவரைத்தான் தேர்ந்தெடுக்கும். ஆரம்ப சுகாதார நிலையத்துக்குத் தேவையான கேள்வி வேறு. பாம்புக்கடிக்கு நஞ்சுமுறி எப்போது தொடங்க வேண்டும், பிரசவத்துக்குப் பின் இரத்தப்போக்கில் முதல் பத்து நிமிடம் என்ன செய்ய வேண்டும், டெங்குவில் எந்த அறிகுறி வந்தால் மேல்நிலை மருத்துவமனைக்கு அனுப்ப வேண்டும், தடுப்பூசி குளிர்ச்சங்கிலி அறுந்தால் என்ன செய்வது. தாளின் பாதியாவது இப்படி இருந்தால் கிராமத்தில் வேலை பார்த்துக்கொண்டே படித்தவருக்கும் இடம் கிடைக்கும். 2021 டிசம்பர் அரசாணைக்குப் பின் வந்த தமிழ்த் தகுதித் தாளை நாங்கள் ஆதரிக்கிறோம். 40 சதவீதம் எடுத்தால் போதும், தரவரிசையில் சேராது. நோயாளி சொல்வது புரியாத மருத்துவரால் வைத்தியம் பார்க்க முடியாது.

தேர்வின் உண்மையான பலவீனம் அதன் வேகம். 2,553 உதவி மருத்துவர் இடங்களுக்கு 2024 மார்ச்சில் அறிவிக்கை வந்தது. தேர்வு நடந்தது 2025 ஜனவரி 5. பத்து மாதம் நோயாளிகள் காத்திருக்க மாட்டார்கள். அந்த இடைவெளியில்தான் வாக்-இன் நுழைகிறது, ஒப்பந்தப் பணியாளர்கள் சேர்கிறார்கள், பிறகு அவர்களுக்கு ஊக்க மதிப்பெண் வேண்டும் என்ற கோரிக்கை எழுகிறது. அந்தக் கோரிக்கை நியாயமற்றது என்று சொல்ல எங்களுக்கு மனம் வரவில்லை. கொரோனாவுக்காக எடுக்கப்பட்ட செவிலியர்களில் 2,000-க்கும் மேற்பட்டோர் 2022 டிசம்பர் 31-உடன் நீட்டிப்பின்றி வெளியே நின்றார்கள். கவச உடைக்குள் வேலை பார்த்தவர்களுக்கு அரசு கடன்பட்டிருக்கிறது. 2021 மே மாதம் பிரதமரே, 100 நாள் கொரோனா பணி செய்தவர்களுக்கு அரசுப் பணி நியமனங்களில் முன்னுரிமை என்று அறிவித்தார்.

ஆனாலும் ஊக்க மதிப்பெண்ணை அளவோடு தரவேண்டும். கட் ஆஃப் அருகே ஒரு மதிப்பெண்ணுக்குள் 200 பேர் இருந்தால், ஐந்து மதிப்பெண் என்பது 1,000 இடம் தாண்டுவது. ராஜஸ்தானில் செவிலியர் நியமனத்துக்கு ஓராண்டுப் பணிக்கு 10, இரண்டாண்டுக்கு 20, மூன்றாண்டுக்கு 30 என்று போனஸ் தந்தார்கள். அம்மாநிலத் திட்டங்களில் பணியாற்றியவர்களுக்கு மட்டும் என்ற நிபந்தனையை 2022-இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. சட்டப்படி அது செல்லும். எங்கள் பார்வையில் 30 என்பது தேர்வையே ஓரங்கட்டும் அளவு; மொத்தத்தில் மூன்று முதல் ஐந்து சதவீதமே போதும். அதையும் குறைந்தபட்சத் தகுதி மதிப்பெண் எடுத்தவருக்கு மட்டும், அறிவிக்கை நாள்வரை முடிந்த முழு மாதங்களுக்கு, சம்பளம் வங்கியில் ஏறிய பதிவை வைத்துத் தரவேண்டும். கடிதத்தலைப்பில் எழுதி வாங்கிய அனுபவச் சான்றை ஏற்றால், சான்று விற்பனைக்கு வந்துவிடும். பயிற்சி மருத்துவராக இருந்த காலம் சேருமா, முதுநிலை மாணவராகச் செய்த கொரோனா பணி சேருமா என்பவற்றை முன்கூட்டியே எழுதாவிட்டால் அவை நிச்சயம் வழக்காகும். இவற்றைவிட முக்கியமான நிபந்தனை ஒன்று: ஒப்பந்தப் பணி பொது விளம்பரத்தோடும் இனசுழற்சியோடும் தரப்பட்டிருக்க வேண்டும். அப்படியில்லாத வாக்-இன்னில் நுழைந்தவருக்குப் போனஸ் தந்தால், அன்று வாசலில் நடந்த அநீதி இன்று மதிப்பெண்ணாக மாறி நிரந்தரமாகிறது. 2006-இன் உமாதேவி தீர்ப்பு கொல்லைப்புற நியமனங்களை நிரந்தரமாக்க உரிமை இல்லை என்றதும் இதே காரணத்தால்தான்.

எந்த முறையானாலும் கடைசிப் பட்டியல் போடும் வரிசையில் பிழை நேரலாம். முதலில் எல்லாச் சமூகத்தவரையும் மதிப்பெண் வரிசையில் வைத்துப் பொதுப் பிரிவை நிரப்ப வேண்டும், அதன் பிறகுதான் ஒவ்வொரு ஒதுக்கீட்டுப் பிரிவும். மகளிருக்கான 30 சதவீதம் ஒவ்வொரு பிரிவுக்குள்ளும் பார்க்கவேண்டியது. 62 பொது இடங்களுக்கு 19 பெண்கள் தேவை. மதிப்பெண்ணாலேயே 30 பெண்கள் வந்திருந்தால் அதோடு முடிந்தது, தனியாக 19 சேர்க்கக் கூடாது. 2007-இன் ராஜேஷ் குமார் தாரியா வழக்கும் 2020-இன் சௌரவ் யாதவ் வழக்கும் இதையே விளக்குகின்றன. விண்ணப்பதாரரும் இதைச் சோதிக்கலாம். வெளியான கட் ஆஃபில் பொதுப் பிரிவின் எண், ஏதாவது ஒதுக்கீட்டுப் பிரிவின் எண்ணைவிடக் குறைவாக இருந்தால் வரிசை தலைகீழாகப் போடப்பட்டிருக்கலாம். உடனே தகவல் கேட்கவேண்டிய இடம் அது.

தேர்வு சரியாக நடந்தும் அநீதி மிஞ்சிய கதை 2015 செவிலியர்களுடையது. எம்.ஆர்.பி. தேர்வெழுதி, தரவரிசையில் வந்து, மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியத்தில் சேர்ந்தார்கள். காலமுறை ஊதியம் கேட்டு 2017 நவம்பரில் சென்னையில் போராட வேண்டியிருந்தது. பக்கத்துப் படுக்கையில் அதே வேலை செய்யும் நிரந்தரச் செவிலியரின் சம்பளத்தோடு அந்தத் தொகையை ஒப்பிட்டாலே போதும். போட்டித் தேர்வின் மூலம் எடுத்தவரைத் தொகுப்பூதியத்தில் வைப்பதற்கு எந்தத் தேர்வு முறையும் ஈடுகட்டாது.

எனவே முடிவெடுக்கும் இடத்தில் இருப்பவர்களுக்கு நாங்கள் சொல்வது இது. மருத்துவருக்கும் செவிலியருக்கும் ஆண்டுக்கு ஒருமுறை, நாள் மாறாத, ஒரே ஷிஃப்ட் தேர்வு. மருந்தாளுநருக்கும் ஆய்வக நுட்புநருக்கும் அதே பாணியில் சிறிய தேர்வு. அது உடனே முடியாதென்றால் பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ புள்ளிகளை நீக்கி டிப்ளமோவை மட்டும் எடுப்பது. வாக்-இன்னுக்குப் பதிலாகக் காத்திருப்போர் பட்டியல்: அறிவித்த இடங்களுக்கு மேல் 25 சதவீதம் பேரைத் தரவரிசை, இனசுழற்சி இரண்டோடும் சேர்த்து ஓராண்டுக்கு வைத்திருப்பது. மகப்பேறு விடுப்போ, முதுநிலைப் படிப்புக்குப் போனதால் வந்த காலியோ, திடீர்த் தொற்றோ, எதற்கும் அந்தப் பட்டியலில் அடுத்து நிற்பவரை அழைப்பது. தற்காலிகப் பணியை மறுத்தவர் நிரந்தர இடத்துக்கான தன் வரிசையை இழக்கக் கூடாது என்பதையும் விதியில் எழுதவேண்டும். இல்லையென்றால் தொலைவில் உள்ள மலைக் கிராமத்து ஒப்பந்தத்தைக் காட்டியே பட்டியலில் முன்னால் நிற்பவரை வெளியே தள்ளிவிடலாம்.